பூஜை அறையும் புள்ளிக் கணக்கும்

மயிலாப்பூரிலிருந்து மூத்த வாசகி ஒருவர் எழுதியிருக்கிறார். மாலையில் விளக்கேற்றியபின் அவர் வழக்கமாகப் பார்க்கும் தொலைக்காட்சித் தொடரில், மருமகளின் கரு கலைய வேண்டும் என்று மாமியார் ஒருத்தி அம்மன் சந்நிதியில் நெய்விளக்கேற்றி வேண்டிக்கொண்டாளாம். குருக்கள் தந்த குங்குமத்தை நெற்றியில் இட்டுக்கொண்டு வீடு திரும்பியவள், பாலில் மருந்தைக் கலந்தாளாம். ‘திரைப்படத்தில் தகாத காட்சி வந்தால் தணிக்கைக் குழு வெட்டுகிறது. இதைக் கேட்பார் இல்லையா? தொலைக்காட்சிக்கு ஒழுக்க நெறி என்று எதுவும் எழுதி வைக்கப்படவில்லையா?’ என்பது அவருடைய வினா.

எழுதி வைக்கப்பட்டிருக்கிறது, விரிவாகவே எழுதி வைக்கப்பட்டிருக்கிறது. 1994-ஆம் ஆண்டின் கேபிள் தொலைக்காட்சி விதிகளில் ஆறாவது விதி நிகழ்ச்சிகளுக்கான நெறிமுறையைச் சொல்கிறது. நாகரிகத்துக்கு ஒவ்வாதவை, ஆபாசமானவை, பெண்களையோ குழந்தைகளையோ இழிவுபடுத்துபவை, சமயங்களைத் தாக்குபவை, மூடநம்பிக்கையை வளர்ப்பவை ஆகிய எவற்றையும் ஒளிபரப்பலாகாது. குழந்தைகள் மிகுதியாகப் பார்க்கும் நேரத்தில் அவர்களுக்குப் பொருந்தாதவற்றைக் காட்டலாகாது. அவ்விதியின் இன்னொரு பிரிவு இன்னும் ஒரு படி மேலே போகிறது. பெண்களை நிதானமும் நல்லொழுக்கமும் தலைமைப் பண்பும் உடையவர்களாகக் காட்டும் நிகழ்ச்சிகளைத் தர முயல வேண்டும் என்கிறது. சட்டப் புத்தகத்தில் இப்படியொரு வாசகத்தை நான் எதிர்பார்க்கவில்லை. நம் வீட்டுப் பாட்டி யாரேனும் பக்கத்தில் உட்கார்ந்து எழுதச் சொன்னார்களோ என்று தோன்றிற்று.

ஆயினும் திரைப்படத்துக்கும் தொடருக்கும் ஓர் அடிப்படை வேறுபாடு உண்டு. திரைப்படம் சான்றிதழ் பெற்ற பிறகே அரங்குக்கு வரும். தொடருக்கு அத்தகைய முன்தணிக்கை கிடையாது. ஒளிபரப்பான பிறகு, பெரும்பாலும் யாரேனும் முறையிட்டால்தான் விதிப் புத்தகம் திறக்கப்படும். முறையிடுவார் இல்லையெனில் அது பெரும்பாலும் அலமாரியிலேயே இருக்கும். தொலைக்காட்சி நிலையங்களில் வாரந்தோறும் கவலையோடு புரட்டப்படும் ஏடு வேறொன்று. அதைத்தான் டி.ஆர்.பி. என்கிறார்கள்.

அந்த ஏடு தயாராகும் விதத்தை நம்மில் பலர் அறிந்திருக்க மாட்டோம். பார்க் என்று சுருக்கமாக அழைக்கப்படும் ஒளிபரப்புப் பார்வையாளர் ஆய்வு மன்றம், 2015 முதல் இந்தக் கணக்கை வெளியிட்டு வருகிறது. தெரிந்தெடுத்த சில இல்லங்களில் தொலைக்காட்சிப் பெட்டிக்கு அருகில் ஒரு சிறு கருவியை வைக்கிறார்கள். ஒளிபரப்பின் ஒலியோடு நம் செவிக்கு எட்டாத ஓர் அடையாளம் கலந்து வரும். கருவி அதைக் கேட்டு எந்த அலைவரிசை ஓடுகிறது என்று குறித்துக்கொள்ளும். வீட்டில் ஒவ்வொருவருக்கும் ஒரு பொத்தான் உண்டு. பார்க்க உட்காரும்போது தத்தம் பொத்தானை அழுத்த வேண்டும். இப்படித் திரண்ட கணக்கு வியாழக்கிழமைதோறும் வெளியாகும். குருவாரத்தில் நாம் தட்சிணாமூர்த்திக்குக் கொண்டைக்கடலை மாலை சாத்துகிறோம். தொடர் தயாரிப்பாளர்களும் அன்றைக்குத்தான் தெய்வத்தை நினைக்கிறார்கள்.

மத்திய அரசு 2025-இல் வெளியிட்ட குறிப்பின்படி, நாட்டில் தொலைக்காட்சி உள்ள இல்லங்கள் ஏறத்தாழ 23 கோடி. கருவி வைத்த இல்லங்கள் சுமார் 58,000. வகுத்துப் பார்த்தால் ஓர் இல்லம் கிட்டத்தட்ட 4,000 இல்லங்களுக்காகப் பேசுகிறது. உங்கள் தெருவிலும் அடுத்த தெருவிலும் அதற்கடுத்த பல தெருக்களிலும் கருவி வைத்த வீடு ஒன்றுகூட இல்லாதிருக்கலாம்.

இதைக் கேட்டவுடன் ‘இது மோசடி’ என்று சொல்லிவிடத் தோன்றும். நான் அவ்வாறு சொல்ல மாட்டேன். வங்கித் தணிக்கையிலும் எல்லாக் கணக்குகளையும் எடுத்துப் பார்ப்பதில்லை. மாதிரிக்குச் சிலவற்றை எடுத்தே கிளையின் நிலையை மதிப்பிடுவோம். ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்று நம் முன்னோர் சொன்னதும் அதே கணிதம்தான். மும்பையில் சில இல்லங்களுக்குப் பணம் கொடுத்துக் குறிப்பிட்ட அலைவரிசைகளை ஓடவிடச் செய்தார்கள் என்று 2020 அக்டோபரில் காவல்துறை குற்றம் சாட்டியது. செய்தி அலைவரிசைகளின் கணக்கு வெளியீடு 2022 மார்ச் வரை நிறுத்தி வைக்கப்பட்டது. அந்த வழக்கும் 2024-இல் திரும்பப் பெறப்பட்டுவிட்டது. அதை விட்டுவிடுவோம். கணக்கு முழுவதும் நேர்மையானது என்றே வைத்துக்கொண்டாலும் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று எஞ்சுகிறது. சோறு வெந்ததா என்று பார்ப்பவர் யார்?

பார்ப்பவர் விளம்பரதாரர். சலவைத்தூள், மசாலாப் பொடி, நகை ஆகியவற்றை விற்பவர். தொடர் நன்றாக இருக்கிறதா என்பது அவருடைய கவலையன்று. வாங்கும் நிலையில் உள்ளவர் எத்தனை பேர் அதன் முன்னால் உட்கார்ந்திருக்கிறார்கள் என்பதே அவர் கவலை. ஆகையால் கணக்கு வயது வாரியாகவும் வசதி வாரியாகவும் பிரித்துக் கொடுக்கப்படுகிறது. புதிய பொருள்களை வாங்கும் வயதைக் கடந்து, இருக்கும் குக்கரே போதும் என்று வாழ்கிற எழுபது வயதுத் தம்பதியருக்கு அங்கே மதிப்புக் குறைவு. நாள் முழுவதும் தொலைக்காட்சியைத் துணையாகக் கொண்டிருப்பவர்கள் நம் போன்ற முதியோர். அந்தத் தொலைக்காட்சி எப்படி இருக்க வேண்டும் என்று முடிவு செய்வதில் நம் குரல்தான் எல்லாவற்றிலும் மெலிந்த குரல்.

முதியோரைத் தேடி வரும் நேரமும் ஒன்று உண்டு, அது விடியற்காலை. அந்நேரத்தில் பார்ப்பவர் குறைவு, புள்ளியும் குறைவு. ஆகையால் நேரம் மொத்தமாக விலைக்குப் போகிறது. வாங்குபவர்கள் எந்திரமும் ரட்சையும் அதிர்ஷ்டக் கல்லும் விற்பவர்கள். இத்தகைய அனுமன் எந்திர விளம்பரம் ஒன்றைக் குறித்த வழக்கில், அற்புத சக்தி உண்டென்று கூறிப் பொருள் விற்கும் தொலைக்காட்சி விளம்பரங்கள் மகாராஷ்டிர மாநிலச் சட்டப்படி குற்றம் என்று பம்பாய் உயர்நீதிமன்றத்தின் ஔரங்காபாத் கிளை 2021 ஜனவரியில் தீர்ப்பளித்தது. நிரூபிக்க இயலாத அற்புத குணம் ஒரு பொருளுக்கு உண்டென்று எண்ணவைக்கும் விளம்பரம் கூடாது என்று 1994-ஆம் ஆண்டு விதிகளும் சொல்கின்றன. அனுமனை வணங்க ஒரு வெற்றிலை மாலை போதும். தவணை முறையில் எந்திரம் வாங்க வேண்டியதில்லை.

மாலைத் தொடர்களுக்கு வருவோம். ஏன் அந்த மாமியார் அம்மன் சந்நிதிக்குப் போகிறாள்? நெறிமுறை ஆபாசத்தைத் தடுக்கிறது. வீட்டில் பிள்ளைகளோடு அமர்ந்து பார்க்கும் பெண்களும் அதை விரும்புவதில்லை. எனவே அந்த வழி அடைபட்டது. ஆயினும் வாரந்தோறும் பரபரப்பு வேண்டும். இல்லாவிட்டால் வியாழக்கிழமை புள்ளி இறங்கிவிடும். எஞ்சியிருப்பது குடும்பத்துக்குள்ளேயே நடக்கும் கொடுமை. அதைத் தடுக்கும் விதியைச் சுட்டிக்காட்டுவது எளிதன்று. பட்டுப்புடவையும் குங்குமமும் பூஜை அறையும் சேர்ந்துவிட்டால், அந்தக் கொடுமைக்கு ஒரு குடும்பப் பாங்கு வந்துவிடுகிறது. நஞ்சு கலக்கும் காட்சியை அடுத்துத் தீச்சட்டி ஏந்தும் காட்சி வரும். விளக்கு தானே அணையும். மணி தானே ஒலிக்கும். பக்தி இங்கே கதையின் உயிராக வரவில்லை, அனுமதிச் சீட்டாக வருகிறது. என் கண்ணுக்கு முத்தக் காட்சியைவிட இதுவே பெரிய பிழையாகப் படுகிறது.

‘அந்தக் காலத்துத் தூர்தர்ஷனில் இப்படியெல்லாம் இல்லை’ என்று வாசகர்கள் சிலர் சொல்லக்கூடும். பாதி உண்மை. 1984 ஜூலையில் ‘ஹம் லோக்’ என்ற இந்தித் தொடர் தொடங்கியது. குடும்பக் கட்டுப்பாடு, பெண்களின் நிலை போன்ற நல்ல கருத்துக்களைக் கதை மூலம் சொல்ல வேண்டும் என்பதே அரசின் நோக்கம். முதல் பதின்மூன்று பகுதிகளில் உபதேசம் மிகுந்திருந்தது. மக்கள் முகம் திருப்பிக்கொண்டார்கள். பிறகு உபதேசத்தைக் குறைத்துக் குடும்பக் கதையைக் கூட்டினார் எழுத்தாளர் மனோகர் ஷ்யாம் ஜோஷி. தொடர் நாடெங்கும் பேசப்பட்டது. ஒவ்வொரு பகுதியின் முடிவிலும் நடிகர் அசோக் குமார் தோன்றி நாலு நல்ல வார்த்தை சொல்வார். மக்கள் அவருக்கு இலட்சக்கணக்கில் கடிதம் எழுதினார்கள். கடையில் புதிதாக வந்திருந்த மாகி நூடுல்சும் அந்தத் தொடரோடு வீடுகளுக்குள் நுழைந்தது.

அத்தொடரில் பாகவந்தி என்றொரு தாய். எல்லா அவமதிப்பையும் பொறுத்துக்கொண்டு போகும் பெண். ‘இப்படி இராதீர்கள்’ என்று காட்டுவதற்காகவே அவளைப் படைத்தார்கள். பார்த்தவர்களில் பலர் அவளையே உத்தமியாகக் கொண்டாடினார்கள். நல்ல நோக்கத்தோடு ஒளிபரப்பினால் நல்லதே விளையும் என்று நினைப்பவர்கள் இதைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். சொல்பவர் மனத்தில் ஒன்று, கேட்பவர் மனத்தில் ஒன்று. கதை சொல்லும் தொழிலில் இது புதியதும் அன்று. வாரியார் சுவாமிகள் சொற்பொழிவின் நடுவே முன்வரிசைச் சிறுவர்களிடம் கேள்வி கேட்பார். சொன்னது போய்ச் சேர்ந்ததா என்பது அவருக்கு அந்த நொடியிலேயே தெரிந்துவிடும். அவர் கையிலிருந்த கருவி அது.

பின்னர் ராமாயணம் வந்தது. ராமானந்த் சாகரின் தொடர் 1987 ஜனவரி 25 அன்று தொடங்கி 1988 ஜூலை 31 அன்று நிறைவுற்றது. இந்தி ஒரு சொல்லும் அறியாத நம் இல்லங்களிலும் ஞாயிறு காலை பெட்டிக்கு முன் கூட்டம் கூடியது. கதை தெரிந்த பெரியவர் ஒருவர் பக்கத்திலிருந்து சொல்லிக்கொண்டே போவார். தொடக்கத்தில் காட்டப்பட்ட மூலநூல்களின் வரிசையில் வால்மீகியோடும் துளசிதாசரோடும் நம் கம்பரும் இருந்தார். 52 வாரங்களுக்கே முதலில் திட்டமிட்டார்கள். மக்கள் விருப்பத்தால் 78 பகுதிகள் வரை நீண்டது. பார்ப்போரின் எண்ணிக்கை அன்றும் தன் வேலையைச் செய்தது.

ராமாயணத்திலும் கொடுமை உண்டு. மந்தரையைப் போல் பேசத் தெரிந்த வில்லி இன்றைய தொடர்களில் ஒருத்தியும் இல்லை. பிள்ளையைக் காட்டுக்கு அனுப்பும் தாய், பிறன்மனைவியைத் தூக்கிச் செல்லும் அரசன், கணவனைப் பிரிந்து சிறையிருக்கும் மனைவி, தாயின் செயலுக்கு நாணி அரியணையை மறுக்கும் மகன் எல்லாரும் அதில் இருக்கிறார்கள். தீமையைக் காட்டுவதுதான் குற்றம் என்றால் நம் இதிகாசங்களைத்தான் முதலில் நிறுத்த வேண்டியிருக்கும். ஆகவே வேறுபாடு வேறு எங்கோ இருக்கிறது.

பாராயணம் செய்யும் அன்பர்கள் ஒரு மரபை அறிவார்கள். அன்றைய பாராயணத்தைத் துயரமான இடத்தில் நிறுத்துவதில்லை. இராமன் காடேகும் இடத்திலோ, சீதையை இராவணன் கவர்ந்து செல்லும் இடத்திலோ நூலை மூடிவைக்க மாட்டார்கள். சற்றுக் கூடுதலாகப் படித்தாவது மங்களமான இடத்தில் நிறுத்துவார்கள். கேட்டவர் அன்றிரவு நிம்மதியாக உறங்க வேண்டும் என்ற பரிவு அதில் இருக்கிறது. பட்டாபிஷேகத்தில் கதை நிறைவெய்தும். கைகேயியின் செயலுக்கும் இராவணனின் செயலுக்கும் அதற்குள் விடை கிடைத்துவிடும்.

தொடரின் இலக்கணம் இதற்கு நேர் தலைகீழ். நஞ்சு கலந்த பால் உதட்டருகே செல்லும் நொடியில் காட்சி உறைகிறது. ‘தொடரும்’ என்று எழுத்து வருகிறது. துயரமான இடத்தில் நிறுத்தினால்தான் மறுநாளும் பொத்தான் அழுத்தப்படும். இதைவிட முக்கியமானது ஒன்று உண்டு. புள்ளி ஏறிக்கொண்டிருக்கும் வரை கதை முடியக் கூடாது. கதை முடியக் கூடாது என்றால் வில்லி திருந்தவும் கூடாது, தண்டனை பெறவும் கூடாது. அடுத்த வாரத்துக்கு அவள் வேண்டியிருக்கிறாள். புள்ளி இறங்கினால் ஒரு திருமணத்தை நாலு வாரம் இழுப்பார்கள்; இரண்டு தொடர்களின் பாத்திரங்களை ஒரே மண்டபத்தில் கூட்டி ‘மகா சங்கமம்’ என்பார்கள். திரிவேணியில் நீராடியவர்கள் அந்தச் சொல்லைக் கேட்டால் சிறிது வருந்துவார்கள். ஆண்டுக்கணக்கில் ஓடிய தொடர், புள்ளி அடியோடு சரிந்தால் இரண்டே வாரத்தில் அவசரமாக எல்லாரையும் திருத்தி முடித்து வைக்கப்படும். தருமம் வென்றதால் கதை முடியவில்லை. விளம்பரம் வற்றியதால் முடிகிறது. எந்தக் குற்றத்துக்கும் ஆண்டுக்கணக்கில் விடை சொல்லாத ஒரு கதையை, பள்ளி விட்டு வந்த பேத்தி நம் மடியருகே அமர்ந்து நாள்தோறும் பார்க்கிறாள். எனக்கு அச்சம் தருவது இதுதான்.

இதற்கெல்லாம் பார்வையாளரைப் பழி சொல்வது இப்போது வழக்கமாகிவிட்டது. ‘நீங்கள் பார்க்கிறீர்கள், அதனால் எடுக்கிறார்கள், பெட்டியை அணைத்துவிடுங்கள்’ என்பார்கள். தனியே வசிக்கும் ஒரு மூதாட்டிக்கு மாலை ஏழு மணிக்கு வீட்டில் கேட்கும் ஒரே மனிதக் குரல் அந்தத் தொடரின் குரலாக இருக்கலாம். அவரிடம் போய் அணைத்துவிடுங்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. மேலும் கருவி இல்லாத வீட்டில் அணைத்தாலும் ஒன்றுதான், ஓடவிட்டாலும் ஒன்றுதான். நம் மன அமைதிக்கு அது உதவும். புள்ளிக் கணக்கில் ஓர் அணுவும் அசையாது.

கணக்கில் வராதவர்கள் பேசி நடந்த ஒரு நிகழ்ச்சி, அதே ராமாயணத் தொடரின் வரலாற்றில் இருக்கிறது. பட்டாபிஷேகத்தோடு கதையை முடிப்பது சாகரின் திட்டம். வடநாட்டில் வால்மீகி முனிவரைத் தங்கள் குருவாக வணங்கும் துப்புரவுத் தொழிலாளர் சமூகத்தினர் அதை ஏற்கவில்லை. வால்மீகி ஆசிரமத்தில் சீதை அடைக்கலம் புகுந்ததையும் லவகுசர் வளர்ந்ததையும் காட்டாமல் எப்படி முடிக்கலாம் என்று கேட்டார்கள். 1988-இல் ஜலந்தரில் அவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அது பிற ஊர்களுக்கும் பரவிற்று. அரசு இணங்கியது. உத்தர காண்டக் கதை தனித் தொடராக வந்தது. எந்த விளம்பரதாரரும் அவர்களை நுகர்வோராக எண்ணிப் பார்த்திருக்க மாட்டார். தங்கள் குருவுக்காக அவர்கள் வாய்திறந்து கேட்டார்கள், பெற்றார்கள். ஊரடங்குக் காலத்தில், 2020 மார்ச் 28 முதல், தூர்தர்ஷன் ராமாயணத்தை மீண்டும் ஒளிபரப்பியபோது, சாகரின் அந்த லவகுசர் தொடரும் அதைத் தொடர்ந்து வந்தது. பேரன் பேத்திகள் அதையும் பார்த்தார்கள்.

நாம் வேலைநிறுத்தம் செய்ய வேண்டியதில்லை. நம்மில் பலருக்கு நிறுத்துவதற்கு வேலையும் இல்லை. நமக்கு எழுதத் தெரியும். வாய்மொழியாக எத்தனை பேர் புலம்பினாலும் எழுத்தில் வராத புகாருக்கு வங்கிக் கிளையில் பதிவேடு கிடையாது, தொலைக்காட்சியிலும் அப்படித்தான். 2021 ஜூன் மாதம் திருத்தப்பட்ட விதிகளின்படி எவரும் எழுத்து மூலம் தொலைக்காட்சி நிறுவனத்துக்கு முறையிடலாம். நிறுவனம் 24 மணி நேரத்துக்குள் பெற்றுக்கொண்டதாக ஒப்புகை தர வேண்டும். 15 நாள்களுக்குள் முடிவைத் தெரிவிக்க வேண்டும். விடை வராவிட்டாலோ, வந்த விடை நிறைவு தராவிட்டாலோ, அடுத்த 15 நாள்களுக்குள் ஒளிபரப்பாளர்களின் சுயகட்டுப்பாட்டு அமைப்புக்கு மேல்முறையீடு செய்யலாம். செய்தி அல்லாத நிகழ்ச்சிகளுக்காக 2011-இல் அமைந்த பி.சி.சி.சி. என்ற குழு அத்தகையது. தில்லி உயர்நீதிமன்றத்தின் ஓய்வுபெற்ற தலைமை நீதிபதி ஏ.பி.ஷா அதன் முதல் தலைவராக இருந்தார். எச்சரிக்கை செய்யவும், மன்னிப்புக் கோரச் சொல்லவும், காட்சியோடு எச்சரிக்கை வாசகம் இடச் சொல்லவும் இத்தகைய அமைப்புகளுக்கு இடமுண்டு. அதற்கும் மேலே மத்திய அரசின் குழு இருக்கிறது.

எழுதும்போது ‘மனம் புண்பட்டது’ என்று மட்டும் எழுதினால் அலுவலர் கோப்பை மூடிவிடுவார். தொடரின் பெயர், அலைவரிசை, ஒளிபரப்பான தேதி, நேரம், காட்சியில் நடந்தது என்ன, ஆறாவது விதியின் எந்தப் பிரிவுக்கு அது முரண் என்று தனித்தனி வரியில் குறிப்பிடுங்கள். சந்நிதியும் குங்குமமும் தீச்செயலுக்கு அலங்காரமாகக் காட்டப்பட்டதைச் சொல்வதானால், பெண்ணை இழிவுபடுத்துவது, மூடநம்பிக்கையை வளர்ப்பது ஆகிய இரண்டு பிரிவுகளும் பொருந்தும். ஒரு காட்சிக்கு ஒரு கடிதம் போதும். பேரனிடம் சொல்லி மின்னஞ்சலிலும் அனுப்பலாம். அதில் நேரம் தானாகவே பதிவாகிவிடும். நகல் ஒன்றை எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பதினைந்து நாள் கணக்கு, நிறுவனம் கடிதத்தைப் பெற்ற நாளிலிருந்து தொடங்குகிறது.